சாய்வு நாற்காலிக்காக ஒரு சிங்கம்

இந்த வீட்டில் ஒரு தடவையாவது "முடியாது" என்று சொல்லிவிடுவது என்று முடிவெடுத்தேன். யாரிடம் என்று கேட்காதீர்கள். கல்யாணமானவர்களுக்குத் தெரியும். ஆகாதவர்களை இப்போதே எதற்குப் பயமுறுத்த வேண்டும்.

விஷயம் என் சாய்வு நாற்காலி. முன்னறையில் ஜன்னலோரம் கிடக்கிறது. வேலை முடிந்து வந்தால் நான் அதில்தான் விழுவேன். என் முதுகின் மேடு பள்ளமெல்லாம் அதற்கு மனப்பாடம். என் மனைவி தையல்காரி. முன்னறையின் மறுபாதியில் அவள் மிஷின். ஒரு நாள் வாயில் ஊசியைக் கடித்துக்கொண்டே ஆரம்பித்தாள்.

"என்னங்க, இன்னொரு மிஷின் சொல்லியிருக்கேன். அடுத்த வாரம் வருது."

"நல்லதாப் போச்சு. எங்க போடப்போற?"

"நீங்க உக்காந்திருக்கீங்களே, அங்கதான்."

"அப்ப இந்த நாற்காலி?"

"அதைத் தூக்கி வெளிய போட்டுடுங்க. என்னால தூக்க முடியாது, கனம்."

என் கழுத்துக்கு வரும் கத்தியை நானே சாணை பிடித்துத் தர வேண்டுமாம். "முடியாது" என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "சரி" என்று வந்தது. பழக்கதோஷம்.

இத்தனைக்கும் வெளியே என் குரலுக்கு இருக்கிற மரியாதை கொஞ்சநஞ்சமல்ல. நான் பஸ் நிலையத்தில் அறிவிப்பாளர். "பயணிகளின் கனிவான கவனத்திற்கு" என்று ஆரம்பித்தால் போதும், சாப்பிட்டுக்கொண்டிருப்பவன் கைகூடக் கழுவாமல் எழுந்து நிற்பான். ஒரு தடவை மூன்றாம் நடைமேடை என்பதற்குப் பதில் ஏழாம் நடைமேடை என்று வாய் தவறிவிட்டது. அத்தனை கூட்டமும் மூட்டை முடிச்சோடு ஏழுக்கு ஓடியது. மூன்றில் நின்ற பஸ்ஸும் பின்னாலேயே ஓடி வந்தது. டிரைவருக்கும் என் குரல்மேல் அவ்வளவு நம்பிக்கை.

அந்த வாரம் பார்த்து எங்கள் அலுவலகத்துக்கு ஊக்கப் பேச்சாளர் ஒருவரை அழைத்து வந்தார்கள். சோம்பேறிகளை எழுப்பிவிடுவதுதான் அவர் தொழில். அவர் சொன்ன வழி ரொம்பச் சுலபம். தைரியம் தரும் வார்த்தைகளை நம் குரலிலேயே பதிவுசெய்து, விடியற்காலையில் அரைத்தூக்கத்தில் காதில் கேட்க வேண்டும். குரல் சொல்வதை அந்த நிமிஷமே செய்துவிட வேண்டும். யோசித்தால் போச்சு. எனக்குச் சுரீரென்று பட்டது. பஸ்ஸையே ஓட வைத்த குரல் என்னை ஒரு நாற்காலியில் உட்கார வைக்காதா.

அன்றே பதிவறைக்குள் புகுந்தேன். இங்கே எங்கள் தொழில்முறையைச் சொல்லியாக வேண்டும். நாங்கள் முழு வாக்கியமாகப் பேசிப் பதிவுசெய்வதில்லை. ஊர்ப்பெயர் ஒரு துண்டு, எண் ஒரு துண்டு, "நடைமேடையிலிருந்து" ஒரு துண்டு, "புறப்படும்" ஒரு துண்டு. எந்தப் பஸ்ஸுக்கு எது வேண்டுமோ அதைக் கம்ப்யூட்டர் எடுத்துக் கோத்துக்கொள்ளும். வேறு மாதிரி பேச எனக்கு வராது. என் வீரத்தையும் துண்டு துண்டாகவே பதிந்து, போனில் வரிசையாக அடுக்கினேன்.

"நீ சிங்கம். எழுந்திரு. பயத்தை... தூக்கி வெளியே போடு. நாற்காலியை... ஒருபோதும் விடாதே. மனைவி சொல்வதை... கேட்காதே. மனம் சொல்வதை... கேள்."

இரண்டு நாளிலேயே பலன் தெரிந்தது. "இந்தக் குப்பையை வெளிய வெச்சிட்டு வாங்க" என்றாள் அவள். முன்பெல்லாம் அவள் சொல்லி முடிப்பதற்குள் கூடை என் கையில் இருக்கும். இப்போது நிதானமாக ஒரு மூச்சு இழுத்து விட்டபிறகுதான் எடுத்தேன். அவள் ஒரு மாதிரியாகப் பார்த்தாள்.

"காலைல காதுல என்னமோ மாட்டிக்கறீங்களே, என்ன அது?"

"பாட்டு."

"பாட்டுக்கு எதுக்கு மூஞ்சிய உர்ருனு வெச்சுக்கறீங்க?"

"வீரப்பாட்டு."

"யாரு பாடுறது?"

"புதுசா ஒருத்தர். நல்ல குரல்."

"குடுங்க, நானும் கேக்கறேன்."

"சார்ஜ் இல்ல."

என் போனை ஒரு பார்வை பார்த்துவிட்டு அவள் மிஷினுக்குத் திரும்பினாள். அந்தப் பார்வையிலேயே நான் உஷாராகியிருக்க வேண்டும். ஆனால் சிங்கமாகிவிட்டவனுக்கு உஷார் எதற்கு என்று விட்டுவிட்டேன்.

மிஷின் வருகிற நாளும் வந்தது. விடியற்காலை. அரைத்தூக்கம். இன்று எப்படியும் "முடியாது" என்று சொல்லிவிடலாம் என்று நெஞ்சு நிறைய நம்பிக்கை. காதில் என் கம்பீரக் குரல்.

"நீ சிங்கம்."

சரி.

"எழுந்திரு."

எழுந்தேன்.

"நாற்காலியை... தூக்கி வெளியே போடு."

எங்கேயோ இடித்தது. ஆனால் யோசித்தால் போச்சு என்று பேச்சாளர் சொல்லியிருக்கிறாரே. அதுவும் சொல்வது யார், சாட்சாத் நானே. தூக்கினேன். நிலைப்படியில் முட்டியை இடித்துக்கொண்டு, கால் கட்டைவிரலில் ஒரு தடவை போட்டுக்கொண்டு, ஒரு வழியாகத் தெருவுக்குக் கொண்டுவந்து சேர்த்தேன். அங்கே பக்கத்துத் தெரு சலூன்காரர் தள்ளுவண்டியோடு தயாராக நின்றார்.

"வாங்கண்ணே. அப்படியே வண்டில வெச்சிடுங்க."

"நீங்க எங்க இந்நேரத்துல?"

"அக்கா நேத்தே சொல்லிட்டாங்க. அண்ணன் காலைல நாற்காலிய அவரே தூக்கிட்டு வருவாரு, கடைக்கு வேணும்னா எடுத்துக்கங்கன்னு."

"தூக்கிட்டு வருவேன்னு அவளுக்கு எப்படித் தெரியும்?"

"அதை நீங்க அக்காகிட்ட இல்ல கேக்கணும்."

நாற்காலியின் ஒரு கையை எட்டிப் பிடித்தேன். காதில் குரல் இன்னும் ஓய்ந்தபாடில்லை. "மனைவி சொல்வதை... கேள். மனம் சொல்வதை... கேட்காதே. பயத்தை... ஒருபோதும் விடாதே."

பயத்தை நான் விடவில்லை. நாற்காலியை விட்டுவிட்டு அதைத்தான் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு நின்றேன். தூக்கம் முழுசாகத் தெளிவதற்குள் வண்டி தெருமுனை திரும்பிவிட்டது. உள்ளே ஓடினேன்.

"என் போனைத் தொட்டியா?"

"தொட்டேன்."

"நான் பேசினதை மாத்தினியா?"

"ஒரு வார்த்தை மாத்தல. புதுசா ஒண்ணு சேக்கல. எல்லாம் நீங்க வெட்டி வெச்ச துண்டுதான். எடம் மாத்தி மூட்டினேன், அவ்வளவுதான். ஒரு பிசிறு மிச்சமாகல பாருங்க."

"இது அநியாயம்."

"சொன்னது யாரு?"

"நான்."

"கேட்டது யாரு?"

"நான்தான்."

"தூக்கிட்டுப் போனது?"

கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டேன்.

"எல்லாம் உங்களுக்குள்ளயே நடந்திருக்கு. நடுவுல என்னை ஏன் இழுக்கறீங்க?"

எந்தக் கோர்ட்டுக்குப் போனாலும் தீர்ப்பு அவள் பக்கம்தான். நான் நீதிபதியாக உட்கார்ந்திருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன், அவள் எதிரில் நின்றால்.

மத்தியானம் மிஷின் வந்து இறங்கியது. ஜன்னலோரத்தில் அதைப் போட்டதும் நான் எதிர்ச் சுவரோரம் தரையில் உட்கார்ந்துவிட்டேன். மனைவி ஒரு முக்காலியைக் கொண்டுவந்து மிஷினுக்கு முன்னால் போட்டாள். பிறகு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். குரல் கொஞ்சம் இறங்கியிருந்தது.

"ரொம்ப வருத்தமா?"

"இருக்காதா பின்ன. எத்தனை வருஷமா உக்காந்த எடம்."

"எடம் எங்க போச்சு? அது எப்பவும் உங்க எடம்தான். அதை இன்னொருத்தருக்குக் குடுக்க எனக்கு மனசு வருமா?"

கண் கலங்கிவிட்டது. ஆயிரம் இருந்தாலும் என்னைக் கட்டிக்கொண்டவள். என் வார்த்தைகள் அவள் மனதையும் எங்கேயோ தொட்டிருக்கின்றன என்று நினைத்துக்கொண்டேன்.

"அப்ப இந்த மிஷினு?"

"அது காஜா மிஷினுங்க, பட்டன் ஓட்டை போடுறது. ரொம்பச் சுலபம். உங்களால முடியும்."

ஆக, அந்த ஜன்னலோரத்தை நான் யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. தினமும் வேலை முடிந்து வந்ததும் அங்கேதான் உட்கார்ந்து காஜா எடுக்கிறேன்.