கொண்டா அத்தானும் ஊமையான செயலியும்

வீட்டில் எது பழுதானாலும் சரி, அதை நோக்கி முதலில் ஒரு கை நீளும். உள்ளங்கை மேலே பார்த்திருக்கும். விரல்கள் இரண்டு தடவை மடங்கி விரியும். "கொண்டா, நான் பார்க்கிறேன்" என்று ஒரு குரலும் கூடவே வரும். அந்தக் கைக்குச் சொந்தக்காரரைத்தான் இங்கே நாம் பார்க்கப் போகிறோம். கொண்டா இனம் என்று பெயர் வைத்துக்கொள்வோம். உங்கள் வீட்டில் இந்த இனத்தில் ஒருவர் நிச்சயம் இருக்கிறார். இல்லையென்றால் பக்கத்து வீட்டிலிருந்து செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பியிருக்கிறார்.

நன்றாக ஓடும் பொருளைக் கண்டால் இந்த இனத்துக்கு முகம் வாடிவிடும். பழுதான பொருளைக் கண்டாலோ பத்து வயது குறைந்துவிடும். நம்முடைய அத்தானை எடுத்துக்கொள்ளுங்கள். குடிநீர் மீட்டர் அலுவலகத்தில் மேற்பார்வையாளர்; அன்பானவர்; ஈ எறும்புக்குக்கூடத் தீங்கு நினைக்காதவர். ஆனால் அவர் நடந்து வரும் சத்தம் கேட்டால் அலுவலகத்தில் ஸ்டேப்ளரை எடுத்து மேசைக்குள் ஒளித்து வைக்கிறார்கள். அவர் ஒருமுறை சரிசெய்துகொடுத்த பிரிண்டர் அன்று முதல் எல்லாக் கடிதத்தையும் தலைகீழாகவே துப்புகிறது. ஊழியர்களும் காகிதத்தைத் தலைகீழாகச் சொருகப் பழகிவிட்டார்கள். இதையும் அத்தான் தன் வெற்றிகளில்தான் சேர்த்திருக்கிறார்.

அப்பேர்ப்பட்டவர் ஒரு சனிக்கிழமை மதியம் மாடியிலிருந்து இறங்கி வந்தபோது, கீழ்வீட்டில் அவருடைய மனைவியின் தங்கை கைபேசியைக் காதில் வைத்து உலுக்கிக்கொண்டிருந்தாள். பேக்கரியில் கேக்குக்குப் பூ வைக்கும் வேலை அவளுக்கு. சாப்பாட்டு இடைவேளைகளில் ஒரு செயலியை வைத்துக்கொண்டு இசை அமைப்பாள். அந்தச் செயலியில் திரை முழுக்கச் சின்னச் சின்னப் பெட்டிகள். ஒன்று ஓசையைப் பிறப்பிக்கும், ஒன்று அதை வடிகட்டும், இன்னொன்று தாளம் தட்டும். ஒன்றிலிருந்து ஒன்றுக்கு விரலாலேயே ஒயர் இழுத்து மாட்ட வேண்டும். எட்டு மாதமாக அவள் மாட்டிய ஒயர்கள் நாற்பத்தொன்று. அன்று மாலை ஆறு மணிக்கு நூலக மாடி அரங்கில், முதன்முதலாக, நாலு பேர் முன்னால் அதை வாசிக்க அவளுக்குப் பத்து நிமிடம் கொடுத்திருந்தார்கள். இப்போது மணி மூன்றரை. திரையில் விளக்கெல்லாம் மினுக்குகிறது. ஓசைதான் வரவில்லை.

"கொண்டா, நான் பார்க்கிறேன்."

கொடுக்காமல் இருக்க முடியுமா? அக்காள் புருஷன் ஆயிற்றே.

அத்தான் முதலில் கைபேசியைச் சட்டையில் துடைத்தார். ஏன் துடைத்தார் என்று கேட்காதீர்கள்; துடைக்காமல் எந்த வேலையையும் இந்த இனம் தொடங்குவதில்லை. அடுத்தது விசாரணை.

"என்ன பண்ணினே?"

"ஒண்ணும் பண்ணலை அத்தான். காலையில ஹெட்போன்ல நல்லாத்தான் கேட்டுச்சு. இப்ப கழட்டிட்டுப் போட்டா..."

"ஒண்ணும் பண்ணாம எப்படிம்மா? எதையோ தொட்டிருக்கே."

குற்றவாளியை அடையாளம் கண்டாயிற்று. இனிச் சிகிச்சை. ஒலியைக் கூட்டினார், குறைத்தார், மறுபடி கூட்டினார். சைலண்டைப் போட்டு எடுத்தார். கைபேசியை அணைத்து, மனதுக்குள் முப்பது எண்ணி, மீண்டும் உயிர்ப்பித்தார். பிறகு செட்டிங்ஸ் என்னும் காட்டுக்குள் நுழைந்து, கண்ணில் பட்ட பொத்தானையெல்லாம் இந்தப் பக்கம் இருந்தால் அந்தப் பக்கமும், அந்தப் பக்கம் இருந்தால் இந்தப் பக்கமும் தள்ளிவிட்டு, எதை எப்படி மாற்றினோம் என்பதை மட்டும் கவனமாக மறந்துகொண்டே முன்னேறினார். அவருக்கு உள்ளுக்குள் ஒரு குதூகலம். வாரம் முழுக்க மீட்டர் எண்ணைப் படித்த கண்ணுக்கு, ஆஹா, நாற்பத்தொரு ஒயர்!

அப்போது குளியலறைக் கதவு திறந்து, தலையெல்லாம் சோப்பு நுரையோடு மாமனார் எட்டிப் பார்த்தார்.

"மாப்பிள்ளை, உள்ள ஏதோ விசிலடிக்குது. நடுநடுவுல தவளை மாதிரி வேற கத்துது."

"ஒரு நிமிஷம் மாமா. முக்கியமான வேலையில இருக்கோம்."

"இப்ப யாரோ கதவைத் தட்டுற மாதிரி கேக்குது. உள்ளேர்ந்து!"

"குழாய்ல காத்து அடைச்சிருக்கும். குளிச்சிட்டு வாங்க, அதையும் பார்த்துடுறேன்."

அதையும்! ஒரே மதியத்தில் இரண்டு பழுது! அத்தானுக்குக் கால் தரையில் பாவவில்லை.

ஒரு தகவலை இந்த இடத்தில் சொல்லிவிட வேண்டும். தண்ணீர் பட்டாலும் கெடாத புளூடூத் ஸ்பீக்கர் ஒன்றைப் போன வாரம் வாங்கி வந்து, குளியலறை ஆணியில் மாட்டி, வீட்டிலிருந்த அத்தனை கைபேசிகளையும் யாரையும் கேட்காமல் அதனோடு இணைத்து வைத்த புண்ணியவான் வேறு யாருமில்லை.

மணி நாலரை. சரிசெய்யத் தெரியாதபோது கொண்டா இனம் எங்கே போய் நிற்கும் என்பது உங்களுக்குத் தெரியும்.

"அழிச்சிட்டு மறுபடி போட்டா சரியாயிடும்."

அவள் நாற்காலியிலிருந்து எழுந்தேவிட்டாள். "ஐயோ அத்தான், வேணாம்! என் வேலை எல்லாம் அதுக்குள்ளதான் இருக்கு."

"எல்லாம் க்ளௌட்ல இருக்கும்மா" என்று அத்தான் மேலே கையைக் காட்டினார். மேலே மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது.

சேமித்ததெல்லாம் அழிந்துவிடும், சம்மதமா என்று கைபேசியே ஒருமுறை கேட்டது. அது பாவம், இயந்திரம். அதற்குக்கூட அந்த மரியாதை இருந்தது. அத்தானுடைய இனம் இந்த அறிவிப்புகளைப் படித்ததாகச் சரித்திரமே கிடையாது. அழுத்தினார்.

குளியலறையிலிருந்து ஒரு பெருமூச்சு கேட்டது. "அப்பாடா, நின்னுடுச்சு!"

"பார்த்தியா?" என்றார் அத்தான் பெருமையாக. எதைப் பார்க்கச் சொன்னார் என்று அவருக்கே தெரியாது.

செயலி புதிதாக இறங்கி வந்தது. திறந்தால் துடைத்துவிட்ட பலகை மாதிரி வெறுமை. எட்டு மாதம் இருந்த இடத்தில் ஒரு பெட்டி இல்லை, ஒரு ஒயர் இல்லை. அத்தான் உற்சாகம் குறையாமல் அதிலேயே வரும் மாதிரி இசை ஒன்றைத் தட்டினார். குளியலறைக்குள் 'தொம்' என்று இடி விழுந்தது. வாளி உருண்டது. மாமனார் துண்டோடு வெளியே பாய்ந்தார். மாடியிலிருந்து இறங்கி வந்த அத்தானின் மனைவி ஒரு பார்வையில் விஷயத்தைப் புரிந்துகொண்டு, உள்ளே போய், ஆணியில் தொங்கிய ஸ்பீக்கரைக் கழற்றிக்கொண்டு வந்து புருஷன் மடியில் வைத்தாள்.

"ஏங்க, இவ்வளவு நேரமும் இது அங்க பாடிக்கிட்டுதானே இருந்திருக்கு?"

"அதைத்தான் நானும் முதல்லேர்ந்து சந்தேகப்பட்டேன்" என்றார் அத்தான்.

தங்கைக்கு அழுகை வந்தது. அதைத் துரத்திக்கொண்டு சிரிப்பும் வந்தது. எது முந்தியது என்று அவளாலேயே சொல்ல முடியவில்லை. அழுதுகொண்டே சிரித்து, சிரித்துக்கொண்டே முகம் கழுவி, வெறும் செயலியையும் ஈரம் காயாத ஸ்பீக்கரையும் பையில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டாள். குடும்பமும் பின்னாலேயே போனது. அத்தானுக்கு முதல் வரிசை.

மேடையில் அவள் திரைக்கு முன்னால் நின்று, "என்கிட்ட இருந்த பாட்டு நாலரை மணிக்குப் போயிடுச்சு. அதனால இங்கேயே ஒண்ணு பண்ணப் போறேன்" என்றாள். அவள் கைபேசியில் செய்வதெல்லாம் பின்னாலிருந்த பெரிய திரையில் தெரிந்தது. ஒரு பெட்டி வைத்தாள். ஓசை இல்லை. ஒரு ஒயர் இழுத்தாள். ஓசை இல்லை. அறுபது பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தார்கள். அத்தானுக்கு மட்டும் உடம்பெல்லாம் அரித்தது. அந்த ஒயர் வேறு ஓட்டைக்குப் போக வேண்டும் என்று அவருக்குப் பட்டது. தொடை துடித்தது. விரல் மடங்கியது. எழுந்தேவிட்டார்.

"கொண்டா, நான்..."

"உக்காருங்க அத்தான்."

சத்தமாகச் சொல்லவில்லை, மரியாதையாகத்தான் சொன்னாள். ஆனால் மைக் இருந்தது. அறுபது பேரும் திரும்பிப் பார்த்தார்கள். ஐம்பத்திரண்டு வருட வாழ்க்கையில் அவரிடம் யாரும் இப்படிச் சொன்னதில்லை. அத்தான் உட்கார்ந்தார். உட்கார்ந்து, கைகள் இரண்டையும் தொடைக்கு அடியில் செருகிக்கொண்டார். அடுத்த ஒயரில் ஒரு சின்ன ஓசை கிளம்பியது. அதற்கடுத்த ஒயரில் அது தாளத்துக்கு வந்தது. ஏழாவது ஒயரில் அரங்கமே தலையாட்டியது, மாமனார் உட்பட. தன் கை படாமல் ஒன்று சரியாவதை அத்தான் அன்றுதான் பார்த்தார். அவருக்கு அவமானமாகவும் இருந்தது, பிடித்தும் இருந்தது.

ஆனால் அது படியிறங்கும் வரைதான். வாசலில் யாரோ அவளைப் பாராட்ட, அத்தான் பக்கத்தில் வந்து நின்றுகொண்டார். "பழசு இருந்திருந்தா இது வந்திருக்குமா? முதல்ல எல்லாத்தையும் அழிச்சுக் கொடுத்ததே நான்தான்."

இப்படியும் ஒரு மனிதர் என்று சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஆனால் ஓசை வரவில்லை என்று படித்த மறுகணமே 'சைலண்டில் இருக்கும்' என்று தீர்ப்புச் சொன்னது யார்? மாமனார் நுரைத் தலையோடு எட்டிப் பார்த்தபோது, 'அட, குளியலறையைப் பாருங்கய்யா' என்று முணுமுணுத்து, கையை நீட்டப் பரபரத்தது யார்? எட்டு மாதம், நாற்பத்தொரு ஒயர். அந்தப் பாட்டு எப்படி இருந்தது என்று ஒரு தடவையாவது அவளைக் கேட்கத் தோன்றியதா உங்களுக்கு?

பரவாயில்லை. அத்தானுக்கும் தோன்றவில்லை.