மிரட்டல் நடப்பில் உள்ளது

தையல்காரருக்குக் கை என்பது வெறும் உறுப்பல்ல. வீட்டில் அடுப்பு எரிவதே அதனால்தான். அந்தக் கையைத்தான் பக்கத்து இரும்புக்கடைக்காரர் ஒடித்துவிடுவதாகச் சொல்லிவிட்டார். தையற்கடைப் பெயர்ப்பலகை அவர் கடைப் பக்கம் இரண்டு விரற்கடை நீட்டிக்கொண்டிருந்ததாம். பலகையை நகர்த்தியிருந்தால் ஐந்து நிமிஷத்தில் காரியம் முடிந்திருக்கும். மனுஷனுக்கு மானம் என்று ஒன்று இருக்கிறதே, விடுமா? தையல்காரர் கோர்ட்டுக்குப் போனார்.

கனம் கோர்ட்டார் அவர்களும் தீர விசாரித்து, "மிரட்டல் நடப்பில் உள்ளவரை மனுதாரரின் கைக்குக் காவல் வழங்குக" என்று உத்தரவிட்டார்கள். இன்ஸ்பெக்டர் அதை மூன்று தடவை படித்தார்.

"நடப்பில் இருக்குன்னு யாரு சொல்றது?"

"நான்தான் சொல்றேனே ஐயா."

"நீங்க பயந்தவரு. பயந்தவர் பேச்சை எப்படி நம்புறது? மிரட்டினவர் கையெழுத்து வேணும். வாராவாரம், திங்கட்கிழமை."

தையல்காரர் வேறு வழியில்லாமல், ஸ்டேஷனில் கொடுத்த படிவத்தோடு இரும்புக்கடை வாசலில் போய் நின்றார். இரும்புக்கடைக்காரர் முன்கோபியே தவிர, சொன்ன சொல் மாறாதவர். கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு படித்தார்: 'மேற்படியாரின் கையை ஒடிக்கும் என் எண்ணம் இன்றளவும் மாறவில்லை என இதனால் உறுதி கூறுகிறேன்.'

"வலது கையா, இடது கையா? இடம் காலியா விட்டிருக்கே."

"அன்னைக்கு எதை நினைச்சுச் சொன்னீங்களோ, அதையே போடுங்கண்ணே."

வலது என்று எழுதி, கையெழுத்தும் போட்டார்.

மறுநாளே ஒரு காவலர் துப்பாக்கியோடு தையற்கடை வாசலில் வந்து உட்கார்ந்தார். அவ்வளவுதான், தெருவே வயிறெரிந்தது. துணி தைக்கிறவனுக்கே காவல் என்றால் நாம் மட்டும் என்ன இளைத்தவர்களா? பெண் கொடுக்க வந்தவர்கள்கூட, மாப்பிள்ளைக்குக் காவல் உண்டா என்று விசாரிக்க ஆரம்பித்தார்கள். மருந்துக்கடைக்காரர், பல் டாக்டர், டியூஷன் வாத்தியார் என்று எல்லாரும் இரும்புக்கடைக்குப் படையெடுத்தார்கள். "அண்ணே, எங்களையும் ஒரு வார்த்தை மிரட்டிடுங்க." பாவம், முகத்துக்கு நேரே இல்லையென்று சொல்லத் தெரியாத மனுஷன். திங்கட்கிழமைகளில் ஆணி விற்கக்கூட நேரமில்லாமல் எல்லார் படிவத்திலும் கையெழுத்துப் போட்டார். ஆளுக்கொரு காவலரும் வந்து சேர்ந்தார். அவர் ஜுரத்தில் படுத்தபோது, வாரம் தவறிவிடக் கூடாதே என்று தையல்காரர்தான் பக்கத்திலேயே இருந்து மாத்திரை கொடுத்தார். அப்படியே இருவரும் அண்ணன் தம்பியாகிவிட்டார்கள். பலகையையும் நகர்த்தியாயிற்று. ஆனால் காவலை விட மட்டும் தையல்காரருக்கு மனம் வரவில்லை. துப்பாக்கியைப் பார்த்த பிறகு, சட்டை எப்போ கிடைக்கும் என்று எவனும் சத்தம் போடுவதில்லை.

நாற்பதாவது வாரம் தணிக்கை அதிகாரி வந்து இறங்கினார்.

"நாற்பது வாரமா கையை ஒடிக்கப் போறதா எழுதிக் கொடுத்திருக்கீங்க. ஒரு கைகூட ஒடியலையே?"

"காவல் இருக்கே சார்," என்றார் இரும்புக்கடைக்காரர்.

"முயற்சிகூடப் பண்ணலையே. அப்ப எழுதினதெல்லாம் பொய். பொய்ச் சான்று கொடுத்தவருக்கும் வாங்கினவருக்கும் ஆறு வருஷம்."

"உண்மைன்னா?" என்று கேட்டார் தையல்காரர்.

"உண்மைன்னா ஃபைலை மூடிடலாம். நிரூபிச்சுக் காட்டுங்க."

தையல்காரர் கணக்குப் போட்டுப் பார்த்தார். ஜெயில் என்றால் ஆறு வருஷம். எலும்பு ஆறு வாரத்தில் கூடிவிடும். இடது கையை நீட்டினார்.

அதிகாரி படிவத்தைப் புரட்டினார். "வலதுன்னு இருக்கு."

தையல்காரர் வாய்விட்டு அழுதார். அழுதுகொண்டே கையை மாற்றினார். பாதுகாப்பு தன் பொறுப்பாயிற்றே என்று காவலர் ஓடிப்போய், கைக்கு அடியில் வைக்க ஒரு தலையணை கொண்டுவந்தார். இரும்புக்கடைக்காரரும் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒரு குழாயைத் தேர்ந்தெடுத்தார்.

"தம்பி, மனசுல ஒண்ணும் வெச்சுக்காதே."

"அண்ணே, கொஞ்சம் சீக்கிரம்," என்றது பின்னாலிருந்து ஒரு குரல். பல் டாக்டர். அவருக்குப் பின்னால் தெருவே சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு வரிசையில் நின்றது. வரிசையில் யாரும் யார்மீதும் இடித்துவிடாதபடி காவலர்கள் பார்த்துக்கொண்டார்கள்.