எவரும் எழுதாத பொற்காலம்

“எழுதினது நான். என்ரை பேர் திரையிலை வரவேணும்.”

கேட்கவே கூடாதென்று கஜேந்தினிக்கு முதல் நாளே சொல்லப்பட்டது அது ஒன்றுதான். ‘மல்லர் மேடை’ நிகழ்ச்சியின் பொற்கால விழாவில், குத்துவிளக்குக்குத் திரி போட்டுக்கொண்டே கேட்டுவிட்டாள்.

மல்யுத்தக் கலை வரலாற்றில் கிரேக்கருக்கு அடுத்தபடியாக நோர்வேயின் ரொம்சோஸ் உடற்பயிற்சி மண்டபத்தைத்தான் சொல்ல வேண்டும். 2004 முதல் இரண்டு வருடம், சனிதோறும் அங்கிருந்து ஒஸ்லோத் தமிழ்த் தொலைக்காட்சியொன்றில் மல்யுத்தம் போனது. மல்லன் கோபிகன் சொந்த மச்சானையே கதிரையால் அடித்த கிழமை, கல்யாண வீடுகளில் பந்தி பிந்தியது. அத்தனையும் கஜேந்தினியின் கதை. யார் விழுவதென்பதை மட்டும் போட்டியின்போது கயிற்றோரம் நின்று காதில் சொல்லுவாள். முன்பே சொன்னால் மல்லர்களின் மனைவிமார் ஊர் முழுக்கச் சொல்லிவிடுவார்கள்.

குடும்பத்தில் முதன்முதல் பல்கலைக்கழகம் போனவள் அவள். அந்தப் படிப்பை மதித்து, பொன்னாடைத் தட்டு ஏந்தும் ‘பொறுப்பை’ அவளுக்கே கொடுத்திருந்தார்கள். பொன்னாடை மல்லர்களுக்கு, ஒலிவாங்கி இரவல் தந்தவருக்கு, தலைவருக்கு, ‘படைப்பூக்கம்’ வழங்கியமைக்காகத் தலைவருக்கே இன்னொன்று.

தலைவர் பாலேந்திரன் பொறுமையாக விளக்கினார். “பிள்ளை, எழுதினது எண்டு போட்டால் சனம் எல்லாம் பொய் எண்டெல்லோ நினைக்கும்?”

“பொய்தானே, அங்கிள்.”

“உஷ்! சிவநாயகி அக்கா நிக்கிறா. யோகலிங்கம் வெல்லவேணும் எண்டு விரதம் பிடிக்கிறவ.”

சாம்பியன் யோகலிங்கம், பகலில் பேருந்து ஓட்டுபவர், பளபளக்கும் நீலக் காற்சட்டையோடு வந்தார். “ஒரு பெட்டை சொல்லித்தான் விழுந்தனான் எண்டு மாமியார் வீடு அறிஞ்சால் என்ரை மானம் என்னாகிறது, தங்கச்சி?”

“விழேக்கை போகாத மானமோ?”

“அது வீரம்.”

நிர்வாக சபை நின்றபடியே கூடி ஏகமனதாகத் தீர்மானித்தது: இப்பொற்காலத்தை எவரும் எழுதவில்லை, அது ‘நிகழ்ந்தது’.

நேரடி ஒளிபரப்புத் தொடங்கியது. யோகலிங்கமும் கோபிகனும் ஒருவர் கழுத்தை ஒருவர் பிடித்துச் சுற்றினார்கள். பிறகும் சுற்றினார்கள். கயிற்றோரம் வந்ததும் யோகலிங்கம் கிசுகிசுத்தார்.

“தங்கச்சி, ஆர் விழுறது?”

விழாவுக்கு வர மோர்டென்ஸ்ருட்டில் ரயில் ஏறும்போதே கஜேந்தினி முடிவெடுத்துவிட்டாள்: பேர் இல்லையென்றால் கதையும் இல்லை. தட்டைத் தலைவரின் மடியில் வைத்தாள்.

“என்னட்டை ஏன் கேக்கிறியள், அண்ணை? படைப்பூக்கம் அங்கிளிட்டைத்தானே.”

குளிரங்கியை மாட்டிக்கொண்டு வெளியே நடந்தாள். பின்னால், விழச் சொல்ல ஒரு பெட்டை இல்லாமல், தமிழர் வீரம் ஒன்றையொன்று கட்டிப்பிடித்தபடி நின்றது.