இடம் வந்தவன்

எல்லாரும் கோயிலை வலம் வருவார்கள். நான் ஒருமுறை இடம் வந்தேன். அதுவும் சங்கரன்கோவிலில், ஆடித்தபசுக்குக் கொடியேறி, ஊரே நேர்ந்துகொண்டு பிரகாரத்தைத் திரும்பத் திரும்ப வலம் வரும் ஆடிச்சுற்று சுற்றிக்கொண்டிருந்தபோது. (கோமதி அம்மன் மன்னித்துவிட்டாள் என்று நினைக்கிறேன். சொந்தக்காரர்கள் இன்னும் மன்னிக்கவில்லை.)

நான் எட்டாம் வகுப்போடு விசைத்தறிக்குப் போனவன். மகள் சங்கரி அப்போது திருநெல்வேலியில் இயற்பியல் படித்துக்கொண்டிருந்தாள். அவள் அம்மா பேச்சியம்மாள் இறந்தபின் வந்த முதல் ஆடி அது. லீவுக்கு வந்த மகள், நான் அவித்த இட்லியைக் கஷ்டப்பட்டுப் பிட்டுக்கொண்டே, யாரோ வெளிநாட்டு விஞ்ஞானி சொன்ன புதுக் கோட்பாட்டைப் பற்றிச் சொன்னாள். மீள்காலம் என்று அதற்குப் பேராம்.

"குவாண்டம்னு சொல்லுதாங்கல்லப்பா, அந்தச் சின்னத் துகளுக்கு முன்னாடி பின்னாடியே கிடையாது. கூட்டமாச் சேர்ந்தாத்தான் காலம் ஒரே பக்கமா ஓடுது. கூட்டத்துல ஒண்ணு மட்டும் வந்த வழியே திரும்பிப் போச்சுன்னா, அதுக்குக் காலமும் திரும்பிருமாம்."

என் கையிலிருந்த சட்னிக் கரண்டி அப்படியே நின்றுவிட்டது.

"ஏட்டி, போனது திரும்ப வருமா?"

"துகளுக்குப்பா. அதுவும் யாரும் பாக்காம இருந்தாத்தான். ஒரு ஆள் பாத்தாலும் போச்சு. இதெல்லாம் வெறும் கணக்குப்பா, யாரும் செஞ்சு பாக்கல."

எனக்கு இது பெரிய அதிசயமாகத் தெரியவில்லை. தறியில் ஊடை இழை அறுந்தது தெரியாமல் ஓடிவிட்டால் என்ன செய்கிறோம்? மோட்டாரை நிறுத்திவிட்டு, சக்கரத்தைக் கையால் பின்னுக்குச் சுற்றி, அறுந்த இடத்துக்கே போகிறோம். துணிக்கு நான் செய்வதை எனக்கு அம்மன் செய்ய மாட்டாளா? (யாரும் செய்து பார்க்கவில்லை என்று மகள் சொன்னதும் காதில் விழத்தான் செய்தது. சரி, நாம் செய்து பார்ப்போம் என்று விழுந்தது.)

பேச்சியம்மாள் ஆடிச்சுற்று சுற்றுவதை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். வீட்டில் அடுப்படியிலிருந்து வாசலுக்கு வர முழங்கால் வலிக்கும். பிரகாரத்தில் கால் வைத்துவிட்டால் தென்காசி பஸ்ஸைப் பிடிக்கப் போகிறவள் மாதிரி ஓடுவாள். கல்யாணமான வருசத்திலிருந்து நான் அவள் பின்னால்தான் சுற்றினேன். எனக்குத் தெரிந்ததெல்லாம் அந்தக் கொண்டையும் அதில் ஆடுகிற கதம்பமும்தான். வடக்கு மூலை திரும்பும்போது மட்டும் தலையைத் திருப்பாமலே, "வாரியளா?" என்பாள். "வாரேன், வாரேன்" என்பேன். அப்போது அவள் முகம் எப்படி இருந்தது? சிரித்தாளா, அம்மன் பேரை முணுமுணுத்தாளா? தெரியாது. வீட்டில் மாலை போட்டு மாட்டியிருப்பது அந்த முகம் இல்லை. அது ஸ்டுடியோக்காரருக்குப் பயந்து வைத்துக்கொண்ட முகம்.

எதிர்ப்பக்கமாகச் சுற்றினால் எதிரே வருவாள் அல்லவா?

மறுநாள் நடை திறந்ததும் போனேன், அப்போது யாரும் பார்க்க மாட்டார்கள் என்று. (ஆடிச்சுற்று நடக்கும்போது அந்தக் கோயிலில் யாரும் பார்க்காத நேரத்தைத் தேடியவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.) பிரகாரம் நிறைய ஆள். "தாயே, நீ மட்டும் பாரு. மத்தவங்க கண்ணை மறைச்சிரு" என்று கும்பிட்டுவிட்டு, கூட்டத்துக்கு எதிராக நடந்தேன். வருகிற ஒவ்வொரு பெண் முகத்தையும் பார்த்துக்கொண்டே.

அப்படிப் பார்த்தால் சும்மா விடுவார்களா?

"வே, இங்கன எல்லாரும் ஒரு பக்கம் போனா நீரு எங்க போறீரு?"

"ஏ, விடுங்க. அண்ணாச்சி எதையோ தொலைச்சிட்டுத் தேடுதாரு!"

(அது உண்மைதான்.)

அவ்வளவுதான். நம் ஊர் ஆட்களின் நல்ல மனசைச் சொல்லி முடியாது. "சாவியா? மோதிரமா?" என்று ஆளாளுக்குக் குனிந்து தரையைத் தேட, பின்னால் வந்தவர்கள் அவர்கள் மேல் முட்ட, சுற்றே நின்றுபோனது. ஒரு போலீஸ்காரர் வந்து என் தோளைப் பிடித்தார். "என்னய்யா தொலைஞ்சுச்சு?"

என் வாயிலிருந்து, "வீட்டுக்காரி" என்று வந்துவிட்டது.

நேராக மைக் பந்தலுக்குக் கூட்டிப்போய் நாற்காலியில் உட்கார வைத்தார்கள். மைக்செட்காரர் அவள் பேர் கேட்டார், சொன்னேன். என்ன சேலை என்றார். "அரக்குக் கலர்" என்றேன். வாய் திறந்து தடுத்திருக்கலாம். ஆனால் அவள் எங்கோ பக்கத்தில் இருக்கிறாள் என்பது மாதிரி ஒருவர் என்னிடம் பேசி எவ்வளவு காலம் ஆகியிருந்தது! எப்போது காணாமல் போனாள் என்று மட்டும் அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்.

"பேச்சியம்மாள், பேச்சியம்மாள். அரக்குக் கலர் சேலை கட்டியவர். எங்கிருந்தாலும் மைக் பந்தலுக்கு வரவும். உங்கள் கணவர் இங்கே காத்திருக்கிறார்."

ரத வீதி முழுக்கக் குழாய் ஸ்பீக்கர். டீக்கடையில் நின்ற அவள் அண்ணன், அவளுக்குக் கடைசியாகக் கோடிச் சேலை போட்டவர், டீயை வேட்டியில் ஊற்றிக்கொண்டு ஓடி வந்தார். "வே மாப்ள! செத்தவளை மைக் வச்சுக் கூப்பிட்ட ஆளை இன்னைக்குத்தாம்வே பாக்கேன்! கூறு இருக்கா உமக்கு?"

பின்னாலேயே சங்கரி. செருப்புகூடப் போடவில்லை. நான் விசயத்தைச் சொன்னதும், சிரிக்கவா அழவா என்று தெரியாமல் இரண்டையும் செய்தாள்.

"காலம் திரும்பணும்னா முகத்தைத் திருப்பாம, அப்படியே பின்னாடி பின்னாடி நடக்கணும்ப்பா."

"அப்படி நடந்தா மறுபடியும் கொண்டையைத்தானட்டி பாக்கணும்?"

இன்றைக்கும் எங்கள் சொந்தக்காரர்கள் வீட்டில் கண்ணாடியைக் காணோம், சீப்பைக் காணோம் என்றால், "மைக்ல சொல்லச் சொல்லட்டா?" என்றுதான் கேட்பார்கள். சங்கரியை ராயகிரியில் கட்டிக் கொடுத்திருக்கிறேன். ஒவ்வொரு ஆடிக்கும் வந்துவிடுவாள். எனக்கு முன்னால் அம்மா மாதிரியே ஓடுவாள். வடக்கு மூலையில் மட்டும் முழுசாக என் பக்கம் திரும்பி, நாலு எட்டு பின்னால் நடந்துகொண்டே, "வாரியளாப்பா?" என்று சிரிப்பாள்.

ஒன்று மட்டும் அவளிடம்கூடச் சொன்னதில்லை. மைக்கில் அந்தப் பேரைக் கூப்பிட்டபோது நான் பந்தல் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவள் சொன்ன கோட்பாட்டின்படி, பார்த்திருக்கக் கூடாது.