பூங்கா நான்கு நாட்களாகப் பூட்டிக் கிடப்பது பற்றி

தலைமன்னார்,
ஓகஸ்ட் 18.

பேரன்புக்குரிய பாஹிம் மாமாவுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

இந்தக் கடிதத்தில் நடந்ததை நடந்தபடியே எழுதுவேன் என்று முதலில் அறிவித்துக்கொள்கிறேன். எதையும் கூட்ட மாட்டேன். என் பிழைகளை மறைக்க மாட்டேன். உங்கள் பிழைகளை மறைக்கவே மாட்டேன். அல்லாஹ்வின் கிருபையால் இங்கே உம்மா, வாப்பா, நான், இரண்டு ஆடுகள் எல்லோரும் சுகம். கட்டாரில் நீங்களும் வெயிலும் சுகமாக இருப்பீர்கள் என நம்புகிறேன். குரல் பதிவு அனுப்பியிருக்கலாமே என்று கேட்பீர்கள். குரல் போவதற்கும் இணைப்பு வேண்டும் மாமா. பேனைக்கு வேண்டாம். இணைப்புக் கிடைக்கும் நாளில் இந்தத் தாள்களைப் படம் பிடித்து அனுப்புவேன். வெள்ளிக்கிழமை போன் உங்கள் கைக்கு வந்ததும், சாப்பாட்டுக்கு முன்பே வாசிக்கவும். பிறகு சாப்பாடு இறங்காது.

இந்தப் பூங்கா எப்படித் தொடங்கியது என்பதை ஞாபகமூட்டுவது என் கடமை. பெருநாளுக்கு லீவில் வந்தீர்கள். சிலாவத்துறை நுஸ்ரியா மாமியை உங்களுக்குப் பேசி முடித்தார்கள். அன்றைக்கே மாமியின் உம்மா, ஆசியா உம்மா, விரலை உயர்த்திச் சட்டம் போட்டார்: "நிக்காஹ் முடியும் வரைக்கும் போன் கதை ஒண்டும் இல்லை. சொல்லிப்போட்டன்." நீங்கள் தலையைக் குனிந்து "ஓம்" என்றீர்கள். பிறகு என்னிடம் வந்து, "மகள், கதைக்கக் கூடாது எண்டுதானே சொன்னா? பார்க் கட்டக் கூடாது எண்டு சொல்லேல்லையே" என்றீர்கள். அதன்படி போன் விளையாட்டொன்றில் நீங்கள் ஒரு பூங்காவும், மாமி பக்கத்திலே ஒரு பூங்காவும் கட்டத் தொடங்கினீர்கள். இரண்டு கிழமையில் உங்களுக்குப் பாலைவனத்தில் வேலை கிடைத்தது. அங்கே வெள்ளிக்கிழமை மட்டும்தான் போன். உடனே கணக்கையும் கடவுச்சொல்லையும் என்னிடம் தந்து, "ஒரு நாளைக்கு ஒருக்காத் திறந்தாப் போதும். இதுக்கு இன்டர்நெட்டே தேவையில்லை, மகள்" என்றீர்கள். இந்தக் கடைசி வசனத்தைத் தயவுசெய்து மறக்க வேண்டாம். இனி வருவதெல்லாம் அதிலிருந்து முளைத்தது.

நான் எதையும் வாசிக்காமல் தொடுவதில்லை. "சம்மதிக்கிறேன்" என்ற பொத்தானுக்கு மேலே இருந்த பதினாறு பக்க நிபந்தனைகளையும் அகராதியை மடியில் வைத்துக்கொண்டு வாசித்தேன். உலகத்தில் அதை முழுதாக வாசித்த முதல் ஆள் நானாக இருக்கலாம். எழுதியவர்களே வாசித்திருப்பார்களா என்பது சந்தேகம். ஏழாம் பக்கத்தில் தெளிவாக இருக்கிறது. திறக்கும் ஒவ்வொரு முறையும் இணைய இணைப்பு வேண்டும். அது நிலையானதாக இருக்க வேண்டும். இடையில் அறுந்தால் அப்போது கட்டியது எதுவும் சேமிக்கப்படாது. எழுபத்திரண்டு மணி நேரம் திறக்காத பூங்காவின் வாசல், உரியவர் வந்து திறக்கும் வரை பூட்டப்படும். அயல் பூங்காக்காரருக்குப் பூட்டின் படமும் அனுப்பப்படும். தலைமன்னாரில் நிலையானவை எவை என்று யோசித்தேன். காற்று. நடு றோட்டில் நிற்கும் கழுதைகள். அதற்கு மேல் எனக்கு ஒன்றும் வரவில்லை.

நீங்கள் ஒரு மாதத்துக்கென்று ஏற்றி அனுப்பிய டேட்டா முதல் நாள் காலையிலேயே முடிந்தது. புதிய பதிப்பை இறக்கினால்தான் வாசல் திறக்கும் என்று விளையாட்டு சொன்னது, இறக்கினேன். அரை மணி நேரம் இறங்கிய பிறகு பார்த்தால், வந்திருப்பது பனிச்சறுக்கு மலையும் பனியில் செய்த மனிதனும். மன்னார்த் தீவுக்கு மிகவும் அவசியமானவை. அடுத்த நாள் வாப்பாவின் போனிலிருந்து இணைப்பைப் பகிர்ந்துகொண்டு கடற்கரைக்குப் போனேன். அங்கே சிக்னல் கோடுகள் எல்லாம் நிமிர்ந்து நின்றன. நான் ஒரு மரம் நடுவதற்குள், இந்தியா உங்களை வரவேற்கிறது என்று வாப்பாவின் போனுக்குச் செய்தி வந்தது. அக்கரைக் கோபுரம் பிடித்துவிட்டது. இது இங்கே புதினமில்லை. ஆனால் வாப்பாவுக்குப் புதினம். "நான் இன்னும் பாஸ்போட்டே எடுக்கேல்ல. எனக்கு முதல் என்ர போன் போயிட்டுதா?" என்று கேட்டுவிட்டு, போனைச் சாரத்துக்குள் செருகிக்கொண்டார். "நேவிக்காரன் மறிச்சுக் கேட்டா நீ பதில் சொல்லுவியா? பார்க் கட்டப் போனது எண்டா நம்புவானா?" நம்ப மாட்டான். நானும் ஒத்துக்கொண்டேன்.

அதன் பிறகுதான் பக்கத்து வீட்டுச் செலீனா அக்காவின் தயவு. அவருடைய தையல் மெஷினுக்கு மேலே சுவரில் இணையப் பெட்டி இருக்கிறது. அதன் இணைப்பு மதிலைத் தாண்டி எங்கள் வளவுக்குள் ஒரேயோர் இடத்தில்தான் விழும்: உடுப்புத் தோய்க்கிற கல். மூன்று மாதம் பின்னேரங்களில் அந்தக் கல்லில் குந்தியிருந்து உங்கள் பூங்காவை நடத்தினேன். ஆடுகள் என் புத்தகத்தில் இரண்டு பக்கத்தைத் தின்றன. "தோய்க்கவும் இல்லை, எழும்பவும் இல்லை. அதில இருந்து என்னடி செய்யிறாய்?" என்று உம்மா கேட்டார். "ஓர் உறவைப் பராமரிக்கிறன் உம்மா" என்றேன். உண்மைதானே.

மாமியின் பூங்கா எப்படி இருக்கிறது என்று வெள்ளிதோறும் கேட்டீர்கள். நானும் உள்ளபடி சொன்னேன். ஆண்களுக்கு ஒரு வாசல், பெண்களுக்கு ஒரு வாசல். நடுவிலே மதில். ஒரு வாங்கு இருக்கையில் ஒருவர் மட்டுமே இருக்கலாம். இராட்டினத்தை உடைத்துவிட்டு அந்த இடத்தில் ஒன்பது கழிப்பறை. இரவு எட்டரை ஆனதும் விளக்குகள் ஒவ்வொன்றாக அணையும். "என்ன அடக்கம், என்ன ஒழுக்கம்!" என்று குரல் பதிவில் உருகினீர்கள். அவர் கிழமைக்கு ஒரு குப்பைத்தொட்டி பரிசாக அனுப்பியபோது, "இதில ஏதோ கருத்து இருக்கு மகள்" என்றீர்கள். பதிலுக்கு இருபத்தொரு ரோசாச் செடியும் ஒரு வரியும் அனுப்பச் சொன்னீர்கள்: "என் பூங்காவில் உள்ள எல்லா வாங்குகளும் உங்களுக்காகவே காத்திருக்கின்றன." எழுதக் கை கூசியது. இருந்தும் எழுதினேன். மறுநாள் பதில் வந்தது: "வாங்குகளைத் துடைத்து வைக்கவும்." நீங்கள் சிரித்துச் சிரித்து, "பகிடியான பிள்ளை" என்றீர்கள்.

இப்படி நிலையாகப் போய்க்கொண்டிருந்த உறவுக்கு ஆவணித் திருவிழா வந்தது. பதினோராம் தேதி செலீனா அக்கா குடும்பத்தோடு மடு மாதா கோயிலுக்குப் புறப்பட்டார். பாய், சட்டி, அரிசி எல்லாம் லான்ட்மாஸ்ரர் உழவு வண்டியில் ஏற்றியாயிற்று. கதவைப் பூட்டும் நேரத்தில் நான் ஓடிப்போய், இணையப் பெட்டியை மட்டும் போட்டுவிட்டுப் போங்கள் என்று கெஞ்சினேன். "மெயின் சுவிச்சையே நிப்பாட்டிட்டன் பிள்ளை. ஆளில்லாத வீட்டில அந்தப் பெட்டி மினுக்கிக்கொண்டு கிடந்தா எனக்கு அங்க செபத்தில மனம் நிக்காது" என்றார். என் முகத்தைப் பார்த்து இரங்கி, "உன்ர பார்க்குக்கும் ஒரு மெழுகுதிரி கொழுத்திவிடுறன்" என்றும் சொன்னார். எழுபத்திரண்டு மணி நேரம் அந்த நிமிடத்தில் தொடங்கியது.

உங்களுக்காக நான் என்ன செய்தேன் என்பதைக் கேளுங்கள். வாப்பாவின் போனைச் சொப்பிங் பையில் போட்டு, கிணற்றுக் கயிற்றால் முருங்கையின் உச்சிக் கொப்புக்கு ஏற்றினேன். அங்கே இணைப்பு வந்தது. கீழே நின்று என் போனில் உங்கள் பூங்காவைத் திறக்கத் தொடங்கினேன். அந்த நேரம் பார்த்து, வாப்பாவிடம் மீன் எடுக்கிற ஜெஸீம் காக்கா மரத்துக்குப் போன் பண்ணினார்.

"இறக்கடி! ஜெஸீம் எடுக்கிறான்!"

"ரெண்டு நிமிசம் வாப்பா, வாசல் திறக்குது!"

"வாசல் திறந்தென்ன, என்ர சீலா மீன் நாறப்போகுது! இறக்கு!"

இறக்கினால் இணைப்பு அறும். ஏற்றினால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். இறக்கினேன், ஏற்றினேன், இறக்கினேன். கொடிமரத்துக்குக் கூட இத்தனை வேலை கிடையாது. றோட்டால் போனவர்கள் நின்று பார்த்தார்கள். மூன்றாம் நாள் பின்னேரம், ஏழாவது தடவை ஏற்றும்போது, முருங்கைக் கொப்பு தன் குணத்தைக் காட்டியது. கொப்போடு போன் உப்புத்தண்ணி வாளிக்குள், கருவாட்டுக்கு ஊறிய பாரை மீன்களுக்கு நடுவிலே விழுந்தது. இப்போது அது அரிசிப் பானைக்குள் இருக்கிறது. வாப்பா என்னோடு கதைப்பதில்லை. ஜெஸீம் காக்கா வாப்பாவோடு கதைப்பதில்லை. அன்று மாலை பூங்கா பூட்டப்பட்டது.

இன்று காலை சிலாவத்துறையிலிருந்து வான் பிடித்து ஆசியா உம்மா வந்து இறங்கினார். தனியாக. சொல்லாமல். உம்மா அவரையே பார்த்தபடி தேத்தண்ணியைக் கோப்பைக்கு வெளியே ஊற்றினார். ஆசியா உம்மா கதிரையின் நுனியில் இருந்தார்.

"மாப்பிள்ளை சுகமா?"

"அல்ஹம்துலில்லாஹ், சுகம் ராத்தா."

"கை கால் எல்லாம்?"

"எல்லாம் அந்தந்த இடத்தில இருக்கு ராத்தா. ஏன்?"

"பிறகேன் நாலு நாளா ஒரு அசுகையும் ஒரு அசைவும் இல்லை?" என்று கேட்டவர், உம்மா வாய் திறப்பதற்குள் பேச்சை மாற்றினார். கூரையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இஞ்ச சிக்னல் எப்பிடி?"

"பறவாயில்லை ராத்தா. முருங்கையில நல்லா வரும்" என்றார் உம்மா.

ஆசியா உம்மா அரைக் கோப்பையோடு எழும்பிவிட்டார். வாசலில் நின்று, "ஞாயிறு நாங்கள் நாள் குறிக்க வாறதோ இல்லையோ எண்டு பிறகு சொல்லி அனுப்புறன்" என்றார். வான் திரும்பியதும் உம்மா நிலத்தில் குந்தி அழத் தொடங்கினார். மாப்பிள்ளைதானே பெண் வீட்டில் போய்க் குடியிருக்கப் போகிறார், எங்கள் கூரையில் சிக்னல் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன, இது சாட்டுச் சொல்லி முறிக்கிற வேலை என்று உம்மா சொன்னார். அதற்கு மேல் என்னால் மறைக்க முடியவில்லை. பூங்காவைப் பற்றி எல்லாவற்றையும் சொன்னேன். பூட்டின் படத்தைப் பார்த்து நுஸ்ரியா மாமி அழுதிருப்பார், அழுததைத் தாய் கண்டுபிடித்திருப்பார் என்றும் சொன்னேன். உம்மா கண்ணைத் துடைத்துவிட்டு, "நாலு வருசம் என்ர தம்பிக்குப் பொம்பிளை தேடி நான் செருப்புத் தேஞ்சன். நீங்கள் ரெண்டு பேரும் குப்பைத்தொட்டி வச்சு விளையாடி முடிச்சிட்டியள்" என்றார். இதற்குப் பதில் உங்களிடம் இருந்தால் எழுதவும்.

ஆகவே மாமா, வெள்ளிக்கிழமை முதல் வேலையாக ஆசியா உம்மாவுக்குப் போன் எடுத்து உண்மையை முழுதாகச் சொல்லுங்கள். இத்தனை நாளும் பூங்காவை நடத்தியது நீங்களல்ல, அஸ்னா என்று சொல்லுங்கள். நான் இந்த நிமிடத்திலிருந்து பொறுப்பை விட்டு விலகுகிறேன். உங்கள் வேலைத்தளத்தில் மணல் குறையவும், இணைப்பு நிறையவும், வாக்குக் கொடுக்கும் முன் ஏழாம் பக்கத்தை வாசிக்கிற புத்தி உங்களுக்குக் கிடைக்கவும் ஐந்து நேரமும் துஆச் செய்கிறேன். உம்மா ஸலாம் சொல்லவில்லை. கோபம் ஆறியதும் சொல்வார் என்பதால் முன்கூட்டியே எழுதிவிடுகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் மருமகளும் முன்னாள் பூங்காப் பொறுப்பாளருமான
அஸ்னா.

பி.கு.: செலீனா அக்கா இன்று மாலை மடுவிலிருந்து வந்துவிட்டார். மெழுகுதிரியும் கொழுத்தினாராம். இஷாவுக்குப் பிறகு கல்லில் இருந்து பூங்காவைத் திறந்தேன். வாசலில் மூன்று அறிவித்தல் பலகைகள் பரிசாக வந்து நின்றன. உள்ளபடி எழுதுகிறேன்.

முதலாவது: "மருமகனே, இது ஆசியா உம்மா. ஆளுக்கு என்னவோ நடந்திட்டுதெண்டு பயந்து உங்கட வீட்டுக்கே போயிட்டு வந்தன். உங்கட ராத்தாவுக்கு முன்னால பார்க் கதை கதைக்க வெக்கமாக் கிடந்தது."

இரண்டாவது: "எங்கட வீட்டில சிக்னல் என்ர கட்டில் தலைமாட்டில மட்டுந்தான். முதல் கிழமையே நுஸ்ரியா, ரெண்டு நிமிசம் போனைப் பிடிச்சிருங்கோ உம்மா எண்டு தந்தாள். பிடிச்சன். பிறகு குடுக்கேல்ல."

மூன்றாவது: "நாலு மாசமா உங்களைப் பாத்திட்டன். பொறுப்பான பிள்ளை, ஒரு நாளும் எதிர்த்துக் கதைக்கேல்ல. ஞாயிறு நாள் குறிக்க வாறம். இனிப் பார்க் பூட்டக் கூடாது. நிக்காஹ் அண்டும் பூட்டக் கூடாது. ராவைக்கு லைட் எரியுது, ஆர்ர கறண்ட்?"

எனவே மேலே நுஸ்ரியா மாமியின் பூங்கா என்று எழுதியுள்ள இடங்களிலெல்லாம் ஆசியா உம்மாவின் பூங்கா என்று திருத்தி வாசிக்கவும். இருபத்தொரு ரோசாச் செடிகளும் அந்த வரியும் யாருக்குப் போய்ச் சேர்ந்தன என்பதை நீங்களே விளங்கிக்கொள்வீர்கள். உண்மையை முழுதாகச் சொல்லும்படி கேட்டிருந்தேன். ஒருவருக்கும் ஒன்றும் சொல்லாதேங்கோ மாமா. பொறுப்பான பிள்ளை நான்தான் என்று தெரிந்தால் அவர் யாருக்குப் பெண் கொடுப்பார்? என் விலகலும் வாபஸ். உம்மா ஸலாம் சொல்கிறார், இது உண்மையான ஸலாம்.

வாங்குகளைத் துடைத்தாயிற்று. இப்போது நேரம் எட்டரை. நமது பூங்காவின் விளக்குகள் அணைக்கப்பட்டன.