குழாய் அண்ணாச்சியின் லூஸ் காண்டாக்ட்

தென்காசியில் எதிலுமே தோற்காத ஒரே மனிதர் குழாய் அண்ணாச்சிதான். ஜெயித்ததும் கிடையாது, அது வேறு விஷயம். ஒப்புக்கொண்டால்தானே தோல்வி? அப்பேர்ப்பட்டவர் கையில் என் கல்யாணம் போய்ச் சிக்கியது.

அவர் மைக்செட் கடை வைத்திருந்தார். கடையை ஒட்டியே அவர் வீடு. கடை மாடியில் நான் குடியிருந்தேன். கூரியர் ஆபீசில் வேலை. இனிமேல் குழாய் ஸ்பீக்கர் கட்டக் கூடாது என்று போலீஸ் வந்து சொன்னபோது, மற்ற மைக்செட்காரர்கள் பெட்டி ஸ்பீக்கருக்கு மாறினார்கள். அண்ணாச்சி மட்டும், "கட்டத்தான கூடாது? கீழ வைக்கலாம்லா?" என்று கேட்டார். கீழே வைத்த குழாயை என்ன செய்வது என்று யோசித்ததில் பிறந்ததுதான் அந்த மிஷின்.

சத்தத்தால் எதிர்காலம் சொல்லும் மிஷின். ஒரு பழைய ஆம்ப்ளிஃபையர், ஒரு மைக், ஒரு குழாய். மைக்கில் கேள்வி கேட்டால் குழாய் பதில் சொல்லும். "கொய்ய்ங்" என்று கூவினால் நடக்கும். "ச்சு, ச்சு" என்று உச்சுக்கொட்டினால் நடக்காது.

"செவுத்துல பல்லி சொன்னா தரையத் தட்டிக் கும்பிடுதிய. அரைச் சாண் பல்லிக்குத் தெரியுத சங்கதி நூறு வாட்ஸ் ஆம்ப்ளிஃபையருக்குத் தெரியாதா?" இதுதான் அவருடைய விஞ்ஞானம்.

அந்தச் சத்தத்தைக் கேட்டு யாராவது "லூஸ் காண்டாக்ட்" என்று சொன்னால் தொலைந்தார்கள். வயரிங் வேலைக்கு வந்தவர் சொன்னார்; பாதி வேலையில் ஏணியோடு வெளியேற்றப்பட்டார். அண்ணாச்சியின் மனைவி, நான் மதினி என்று கூப்பிடுபவர், ஒருநாள் வாய் தவறிச் சொல்லிவிட்டார். "ஒன் சோறே வேண்டாம்" என்று அண்ணாச்சி புளியரை, கேரளா பார்டர் வரை பைக்கில் போய்ப் புரோட்டா தின்றுவிட்டு வந்தார். வரும்போது மதினிக்கும் ஒரு பொட்டலம் வாங்கி வந்தார்.

ஒரு சீசனில் மிஷினை ஆட்டோவில் ஏற்றிக் குற்றாலம் மெயினருவிக்கே கொண்டுபோனார். ஆட்டோ பேட்டரியில் வயரை மாட்டி, குளிக்க வந்த கூட்டத்துக்கு முன்னால், "வெள்ளம் வருமா?" என்று கேட்டார். "ச்சு, ச்சு" என்றது. அது வாயை மூடுவதற்குள் தண்ணீர் அருவிக்கு முன்னாலிருக்கும் ஆர்ச்சைத் தொட்டுக்கொண்டு இறங்கியது. விசில் ஊதிக் கூட்டத்தை வெளியேற்றின போலீஸ்காரர் சொட்டச் சொட்ட நனைந்து வந்தார்.

"என்ன அண்ணாச்சி, வராதுன்னுல்லா சொல்லிச்சு?"

"நாளைக்கு வராதுன்னு சொல்லிச்சு. இன்னைக்கான்னு எவன் கேட்டான்?"

மறுநாள் வெயிலடித்து அருவி அடங்கிவிட்டது. எனக்குச் சனி பிடித்தது அன்றைக்குத்தான்.

அருவிப் பக்கம் பழக்கடை வைத்திருந்த ஒருவர் அன்றிலிருந்து மிஷினுக்கு அடிமையானார். மங்குஸ்தான் இறக்கலாமா, ரம்புட்டான் இறக்கலாமா, எல்லாம் மிஷினைக் கேட்டுத்தான். அவர் வேறு யாருமில்லை, நான் கட்டிக்கொள்ள ஆசைப்பட்ட மலரின் அப்பா. பார்சல் கொடுக்கப் போய்ப் போய் அந்தக் கடையிலேயே மனதையும் கொடுத்துவிட்டு வந்திருந்தேன்.

பெண் கேட்டுப் போனபோது, "பையன் தேவலைதான். ஆனா நிச்சயத்தன்னைக்கு மிஷினக் கேப்பேன், அது ஆகாதுன்னா ஆகாதுதான்" என்று அவர் முடிவாகச் சொல்லிவிட்டார்.

"அது மட்டும் உச்சுக்கொட்டட்டும், தூக்கி ஐந்தருவியில போட்டுருதேன்" என்றாள் மலர். நான் அண்ணாச்சியிடம் போய், எப்படியாவது கூவ வைத்துவிடுங்கள் என்று கெஞ்சினேன்.

"மிஷினுக்கே சிபாரிசாலே? போலே மேல" என்று விரட்டிவிட்டார்.

நிச்சயதாம்பூலத்தன்று பெண் வீட்டு ஹாலில் குழாய்தான் நடுநாயகம். எனக்கு வாங்கியதைவிடப் பெரிய மாலை அதற்குப் போட்டிருந்தார்கள். பழக்கடைக்காரர் தாம்பூலத் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு மைக்கருகே குனிந்தார்.

"எம் மக இந்தப் பையனக் கெட்டுனா நல்லா இருப்பாளா?"

"ச்சு, ச்சு, ச்சு."

ஒரு ச்சு அதிகம் வேறு. என் அம்மா முந்தானையால் வாயை மூடிக்கொண்டார். பழக்கடைக்காரர் தட்டோடு உள்ளே திரும்பினார். அவ்வளவுதான், எல்லாம் முடிந்தது என்று தலையைத் தொங்கப் போட்டேன்.

அப்போது அண்ணாச்சி எழுந்தார். குழாயைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், தொண்டையைச் செருமினார்.

"நில்லுங்க. இது லூஸ் காண்டாக்ட்."

காப்பி கொடுத்துக்கொண்டிருந்த மதினி டம்ளரைக் கீழே போட்டார்.

"அப்பம் நா எறக்குன மங்குஸ்தான்?" என்றார் பழக்கடைக்காரர்.

"லூஸ் காண்டாக்ட்."

"அருவியில சொன்னது?"

"அதும்தான்."

"அப்பம் வயர முறுக்கிட்டுத் திருப்பிக் கேளுங்க."

"கேக்க மாட்டேன்" என்றார் அண்ணாச்சி. போலீசிடம் பேசிய அதே வீம்பு. "பெத்த மக வாழ்க்கையத் தகரக் குழாய்ட்டயா கேப்பிய? இந்தப் பய எம் மாடியில இருக்கான். ராத்திரி வேல முடிஞ்சு வந்தா, கீழ தூங்குதவங்க முழிச்சிருவாவன்னு செருப்பக் கையில எடுத்துக்கிட்டுப் படியேறுவான். சத்தமே கேக்காது. அந்தக் கேக்காத சத்தத்த வச்சு நா சொல்லுதேன், ஒங்க மக நல்லா இருப்பா."

மலர்தான் வந்து, அப்பா கையிலிருந்த தட்டை வாங்கி என் அம்மாவிடம் கொடுத்தாள். அவர் தடுக்கவில்லை.

மறுநாள் கடைக்குப் போனேன். அண்ணாச்சி அந்தப் பெரிய மாலையை உதறிவிட்டுக் குழாயைத் துடைத்துக்கொண்டிருந்தார். நன்றி சொல்ல எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல், "லூஸ் காண்டாக்ட சரி பண்ணியாச்சா அண்ணாச்சி?" என்று கேட்டுவிட்டேன்.

"எவம்லே சொன்னான் லூஸ் காண்டாக்ட்டுன்னு?" என்று ஸ்பேனரைத் தூக்கினார். மாடிக்கு ஓடிவிட்டேன்.

மலரும் நானும் இப்போது நன்றாகத்தான் இருக்கிறோம். வீட்டில் லைட் மினுக்கினால், "வயர் கொஞ்சம் விலகியிருக்கு" என்றுதான் எலக்ட்ரீஷியனிடம் சொல்வோம். அந்த இன்னொரு வார்த்தை எங்கள் வாயில் வருவதில்லை. அதை அண்ணாச்சி எங்களுக்காக ஒரு தடவை சொல்லிவிட்டார், அது போதும்.