அமெரிக்கச் சட்டசபையில் ஒரு வட்டுக்கோட்டை அப்புக்காத்து

இறந்தவர்களைப் பற்றி யாரும் குறைத்து எழுதுவதில்லை. நான் ஒருவருக்குக் கொஞ்சம் கூட்டியே எழுதிவிட்டேன். ஒப்புக்கொள்கிறேன்.

அப்போது எனக்கு இருபத்தேழு வயது. சுகந்தியைக் கட்டித் தரும்படி புலம்பெயர்ந்த ஊரில் ரெய்னர்ஸ் லேனிலிருந்த அவள் வீட்டுக்கு நடையாய் நடந்தேன். அவளுடைய அப்பா பிடி கொடுக்கவில்லை. அந்த நேரம் பார்த்து அவள் தாத்தா காலமானார். முப்பத்தோராம் நாள் ஆராதனைக்கு நினைவு மலர் அச்சிட வேண்டும். அதில் தாத்தாவின் தகப்பனைப் பற்றியும் இரண்டு பக்கம் வேண்டுமாம். அவர் அந்தக் காலத்து வட்டுக்கோட்டை அப்புக்காத்து (வக்கீலை ஊரில் அப்படித்தான் சொல்வோம்).

"தம்பி, நீர் நல்லாய் எழுதுவீராம். இதைச் செய்து தாரும். பிறகு மற்றக் கதையைக் கதைப்பம்" என்றார் சுகந்தியின் அப்பா.

மற்றக் கதை என்றால் கல்யாணக் கதை! எனக்குத் தலைகால் புரியவில்லை.

வீட்டில் கிடைத்தது அப்புக்காத்தரின் பெயர் மட்டுமே. ஹோரஸ் பென்வில். இணையத்தில் தேடினேன். ஒரேயொரு ஹோரஸ் பென்வில் வந்தார். வக்கீல், காலமும் சரி. ஆனால் அமெரிக்காவில் ஒரு மாநிலச் சட்டசபை உறுப்பினர். ரயிலில் அடிபட்ட மாடுகளுக்காக வாதாடியிருக்கிறார். பால் கேன்களைக் கழுவ வேண்டுமென்று சட்டம் கொண்டுவந்து, அடுத்த தேர்தலில் பால்காரர்களிடமே தோற்றிருக்கிறார்.

வட்டுக்கோட்டை மனிதர் அங்கே எப்படி? இரண்டு நாள் குழம்பினேன். யாழ்ப்பாணத்தான் போகாத இடமுண்டா என்று தேற்றிக்கொண்டு, மாடு, பால் கேன் எல்லாவற்றையும் எழுதி, 'மேற்படிப்புக்காகக் கடல் கடந்தார்' என்று என் சொந்தச் சரக்கைச் சேர்த்தேன். மனைவி பெயர் மார்கரெட் என்றிருந்தது. வீட்டிலோ அன்னப்பிள்ளை என்றார்கள். ஞானஸ்நானப் பெயராக்கும் என்று அதையும் எழுதினேன் (மூளை அவ்வளவு வேகம்).

அப்பா வாசித்துவிட்டுக் கண் கலங்கினார். "எங்களுக்கு ஒருத்தரும் இதைச் சொல்லேல்லையே!"

ஆராதனை முடிந்து மண்டபத்தில் ரோல்ஸும் தேத்தண்ணியும் கொடுத்தபோது மலரையும் கொடுத்தார்கள். ஆளாளுக்குப் புரட்டிப் பார்த்து முழித்தார்கள். தாத்தாவின் தங்கை, தொண்ணூறு வயது மாமி, என்னைக் கூப்பிட்டார்.

"தம்பி, என்ர அப்பு, நீர் எழுதின அப்புக்காத்தர், கப்பலே ஏறேல்லை. ஆர் இந்த மார்கரெட்?"

"அது... உங்கட அம்மான்ர ஞானஸ்நானப் பெயர், மாமி."

"அம்மா ஞானஸ்நானமே எடுக்கேல்லை."

நான் மலரைப் புரட்டினேன், மாமியே தொடர்ந்தார்.

"அப்புவைக் காசு கட்டிப் படிப்பிச்சது ஒரு அமெரிக்கக்காரர். அவற்ற பேரைத்தான் மிசன் பள்ளிக்கூடத்திலை அப்புவுக்கு வைச்சவை. அப்ப உப்பிடித்தான் வைப்பினம். நீர் எழுதினது அதே பேரிலை இருந்த அந்த மனுசன்ர மகனையாக்கும்."

சுகந்தி என் பக்கம் திரும்பவேயில்லை. அப்பாவின் முகம் கறுத்திருந்தது. அவளை இழந்துவிட்டேன் என்றே நினைத்தேன், அழுகை வந்தது. என் குளிர்ச் சட்டையை எடுத்துக்கொண்டு கதவுப்பக்கம் நகர்ந்தேன்.

அப்போது மாமி சிரிக்கத் தொடங்கினார். அண்ணன் போனதிலிருந்து சரியாகச் சாப்பிடாத மனுஷி, "பால் கேனாம்!" என்று கண்ணீர் வரச் சிரித்தார். அப்பா அவரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிறகு அவருக்கும் அடக்க ஏலவில்லை.

எட்டு மாதத்தில் கல்யாணம் நடந்தது. இன்றைக்கும் புதிதாக யார் வந்தாலும் மாமனார் என் தோளில் கைபோட்டு அறிமுகம் செய்வார்:

"இவர்தான் எங்கட மருமகன். தனக்குப் பொம்பிளை கேட்டு வந்தவர்; முதல்லை எங்கட அப்புக்காத்தருக்கு ரெண்டாந்தாரம் கட்டி வைச்சிட்டுத்தான் தான் கட்டினவர்."